விவாதம்: காவிரிப் படுகையின் பள்ளம் எப்படி வந்தது, அதை நிரப்பிய மணல் எங்கிருந்து வந்தது? (கரைமணல், கருங்கல், தின்செக்‌ஷன், ஆழ்துளை, சிர்கான் ஆகியவை பேசுபவர்களின் புனைபெயர்கள்.)

கரைமணல்

அரியலூர் பகுதி கிரீட்டேசியஸ் கால (சுமார் 14.5 முதல் 6.6 கோடி ஆண்டுகளுக்கு முந்தைய) மணற்கற்களைப் பற்றி ஒரு சந்தேகம். குவார்ட்ஸ், ஃபெல்ட்ஸ்பார், பாறைத்துணுக்கு மூன்றையும் எண்ணி டிக்கின்சன் முக்கோணத்தில் (மணலின் கனிமப் பங்குகளிலிருந்து மூலநிலத்தின் தட்டுச் சூழலை ஊகிக்கும் வரைபடம்) இட்டால், சில மாதிரிகள் "உயர்ந்தெழுந்த அடித்தளம்" புலத்தில் விழுகின்றன. அதே குழுமத்தின் வேறு சில மாதிரிகள் குவார்ட்ஸ் மிகுந்த "கண்ட உட்பகுதி" புலத்துக்குப் போய்விடுகின்றன. இடையில் புவித்தட்டுச் சூழல் மாறியது என்று எடுத்துக்கொள்ளலாமா? மணலை வைத்தே படுகையின் வகையைச் சொல்லிவிட முடியுமா?

கருங்கல்

இரண்டாவது கேள்விக்கு முதலில் பதில்: முடியாது. இதில் இரண்டு தனித்தனிக் கேள்விகள் கலந்திருக்கின்றன. வண்டல் தங்குவதற்கு இடம் எப்படி உருவானது என்பது ஒன்று. வண்டலைத் தந்த மேட்டுநிலம் எது என்பது இன்னொன்று. இரண்டுக்கும் பின்னால் தட்டுகளின் இயக்கம்தான் இருக்கிறது, ஆனால் ஒரே இயக்கமாக இருக்கவேண்டும் என்ற கட்டாயம் இல்லை.

காவிரிப் படுகையில் இடம் உருவானது கோண்டுவானா என்ற பழைய பெருங்கண்டம் பிளந்தபோது. ஜுராசிக் இறுதியிலிருந்து கிரீட்டேசியஸ் தொடக்கம் வரை இந்தியா–இலங்கைப் பகுதிக்கும் கிழக்கு அண்டார்டிகாவுக்கும் இடையே மேலோடு இழுபட்டு மெலிந்தது. வடகிழக்கு–தென்மேற்காகப் பள்ளங்களும் அவற்றுக்கு நடுவே திட்டுகளும் உண்டாயின. அரியலூர்–புதுச்சேரி, தரங்கம்பாடி, தஞ்சாவூர், நாகப்பட்டினம், ராமநாதபுரம்–பாக் விரிகுடா, மன்னார் எல்லாம் அந்தப் பள்ளங்கள். கும்பகோணம்–மாதானம்–பரங்கிப்பேட்டை, பட்டுக்கோட்டை–மன்னார்குடி–காரைக்கால், மண்டபம்–நெடுந்தீவு ஆகியவை அவற்றைப் பிரிக்கும் திட்டுகள். டெல்டாவின் சமதளத்தில் நின்று பார்த்தால் இதில் எதுவும் கண்ணுக்குத் தெரியாது. ஆனால் ஆழமான பள்ளங்களில் வண்டல் 5 முதல் 6 கி.மீ. வரை தடித்துக் கிடக்கிறது, பக்கத்துத் திட்டின் மேல் அதில் சிறு பங்குதான் இருக்கிறது.

பிளவுக் காலத்தில் அந்தத் திட்டுகளே மணலையும் தந்தன. அடித்தளப் பாறைகளான சார்னோக்கைட்டும் நைஸும் தீவுகளைப்போல நீட்டிக்கொண்டிருந்தபோது, அவற்றின் ஓரத்தில் ஃபெல்ட்ஸ்பார் மிகுந்த கரடுமுரடான மணலும் உருள்கற்களும் சரிந்து சேர்ந்தன. படுகையின் அடியில் உள்ள ஆண்டிமடம் படிவத்தின் பெரும்பகுதி இப்படிப்பட்டது. சில கிலோமீட்டருக்குள் மூலமே மாறிவிடும் என்பதால், இரண்டு மாதிரிகள் இரண்டு புலங்களில் விழுந்ததற்காக மட்டும் தட்டுச் சூழலே மாறிவிட்டது என்று சொல்லக்கூடாது.

ஒரு விஷயத்தைப் பலரும் தலைகீழாக எண்ணுகிறார்கள். பெயர்ச்சிப் பிளவின் (பாறை உடைந்து ஒரு பக்கம் நகர்ந்த கோட்டின்) உயர்ந்த பக்கம் செங்குத்தாக நிற்பதால் வண்டல் முழுவதும் அங்கிருந்து கொட்டியிருக்கும் என்று தோன்றும். ஆனால் உயரும் பக்கம் பின்னோக்கிச் சாய்வதால் அதன் ஆறுகள் பெரும்பாலும் படுகைக்கு எதிர்த்திசையில் ஓடிவிடும். சரிவின் அடியில் குட்டையான விசிறி வடிவ வண்டல் குவியல்கள்தான் சேரும். பெரிய ஆறுகள் நுழைவது இரண்டு பெயர்ச்சிப் பிளவுகள் முடிந்து தொடங்கும் இடைவெளிச் சாய்தளம் வழியாகவோ, மென்சாய்வான எதிர்க்கரை வழியாகவோ. நல்ல மணல் திரட்சிகளைத் தேடுபவர்கள் அந்த இடைவெளிகளைப் பார்க்கவேண்டும்.

தின்செக்‌ஷன்

கரைமணல், புலங்களை நம்புவதற்கு முன் எண்ணிக்கையைச் சரிபாருங்கள். எந்த முறையில் எண்ணினீர்கள்?

கஸ்ஸி–டிக்கின்சன் முறையில், ஒரு பாறைத்துணுக்குக்குள் 0.0625 மி.மீ.க்கு மேற்பட்ட ஒரு கனிமத்தின் மேல் நுண்ணோக்கியின் குறுக்குக்கம்பி விழுந்தால் அதைக் கனிமமாக எண்ணவேண்டும், பாறைத்துணுக்காக அல்ல. பழைய முறையில் அதே புள்ளி பாறைத்துணுக்காகப் பதிவாகும். சார்னோக்கைட், நைஸ் போன்ற பெருமணிப் பாறைகளிலிருந்து வந்த கரடுமுரடான மணலில் இந்த வித்தியாசம் மிகப் பெரியது. பழைய முறையில் எண்ணிய புள்ளிகளை டிக்கின்சனின் புலங்கள் மேல் வைத்தால், வரும் முடிவுக்குப் பொருளே இல்லை.

செய்யவேண்டியது இதுதான். எல்லா மாதிரிகளிலும் ஒரே பருமனை, நடுத்தர மணலை (0.25 முதல் 0.5 மி.மீ.), எடுத்துக்கொள்ளுங்கள். நீலச் சாயமிட்ட எப்பாக்ஸிப் பிசினைத் துளைகளில் ஏற்றி, ஒளி ஊடுருவும் மெல்லிய தகடாக தின் செக்‌ஷன் வெட்டுங்கள். நீலம் இல்லாமல் வெட்டினால் கரைந்துபோன ஃபெல்ட்ஸ்பார் விட்டுச்சென்ற துளையும், அரைக்கும்போது மணி பிய்ந்து வந்த துளையும் ஒன்றுபோலத் தெரியும். பிறகு சாயம்: ஹைட்ரோஃபுளோரிக் அமில ஆவியில் காட்டிவிட்டு சோடியம் கோபால்டினைட்ரைட்டில் நனைத்தால் பொட்டாசியம் ஃபெல்ட்ஸ்பார் மஞ்சளாகும். பேரியம் குளோரைடும் ரோடிசோனேட்டும் கொடுத்தால் பிளேஜியோகிளேஸ் சிவக்கும். சாயம் இல்லாமல் எண்ணுகிறவர்கள் இரட்டைப்படிகக் கோடு இல்லாத ஃபெல்ட்ஸ்பாரைக் குவார்ட்ஸ் கணக்கில் சேர்த்துவிடுகிறார்கள். அதுவே புள்ளியைக் "கண்ட உட்பகுதி"க்குத் தள்ளப் போதும். அந்த அமிலத்தைப் புகைக்கூண்டுக்குள் மட்டும் கையாளுங்கள், கால்சியம் குளுக்கோனேட் களிம்பு கையெட்டும் தூரத்தில் இருக்கட்டும்.

புள்ளிகளுக்கிடையிலான தூரம் மிகப் பெரிய மணியின் விட்டத்தைவிட அதிகமாக இருக்கவேண்டும். 400 புள்ளிகள் எண்ணினால் 50 சதவீதம் உள்ள ஒரு கூறில் 95 சதவீத நம்பகத்தில் பிழை சுமார் 5 சதவீதம். 300 என்றால் கிட்டத்தட்ட 6. புல எல்லைக்கு அருகில் உள்ள புள்ளிகளைப் பற்றி வாதாடும்முன் இந்தப் பிழை வட்டத்தை வரைந்து பாருங்கள்.

கரைமணல்

கஸ்ஸி–டிக்கின்சன் முறைதான், சாயமும் கொடுத்தது. "கண்ட உட்பகுதி"யில் விழும் மாதிரிகள் எல்லாம் சிமென்ட் குறைந்து உதிரும் மணற்கற்கள். கால்சைட் இறுகிய கட்டிகளில் ஃபெல்ட்ஸ்பார் அதிகமாகவே இருக்கிறது.

தின்செக்‌ஷன்

விடை அதிலேயே இருக்கிறது. கால்சைட் சீக்கிரமே இறுகிய இடத்தில் மணிகள் பூட்டப்பட்டுவிட்டன. மற்ற இடங்களில் நிலத்தடி நீரும் இன்றைய வெப்பமண்டல வானிலைச் சிதைவும் ஃபெல்ட்ஸ்பாரைக் கயோலினாக்கிக் கரைத்திருக்கின்றன. நீங்கள் பார்க்கும் வேறுபாடு படிவுக்குப் பிந்தையது. அதற்கும் தட்டு இயக்கத்துக்கும் தொடர்பு இல்லை.

படியுமுன்பே கூட இது நடக்கும். ஓரினோக்கோ ஆற்றின் கயானா கேடயப் பகுதிக் கிளையாறுகளில், கிரானைட்டிலிருந்து நேரடியாகவே ஏறக்குறையத் தூய குவார்ட்ஸ் மணல் வருகிறது. சூடும் மழையும் தாழ்ந்த சரிவும் சேர்ந்தால் ஃபெல்ட்ஸ்பார் மண்ணிலேயே அழிந்துவிடும். குவார்ட்ஸ் மிகுதி என்றாலே பல சுழற்சிகள் கண்ட பழைய மணல் என்ற பாடநூல் வாக்கியத்தை அங்கே பயன்படுத்த முடியாது. கிரீட்டேசியஸ் நடுப்பகுதி உலகமே சூடாக இருந்த காலம் என்பதையும் மறக்கக்கூடாது.

கருடமங்கலம் மணற்கல்லில் சுண்ணாம்புக் கட்டிகள் நிறைய உண்டு. மூலத்தைத் தேடுபவர்களுக்கு அவைதான் முதல் மாதிரி. சார்னோக்கைட்டில் காணும் ஹைபர்ஸ்தீன், ஹார்ன்பிளென்ட் போன்ற எளிதில் கரையும் கனகனிமங்கள் (அடர்த்தி மிகுந்த கனிமங்கள்) மிஞ்சியிருக்க வாய்ப்பு உள்ள இடமும் அதுவே. வெளியே உதிரும் மணலில் சிர்கான், ரூட்டைல், டூர்மலின் மட்டும் எஞ்சியிருப்பதைப் பார்த்து, மூலத்தில் சார்னோக்கைட் இல்லை என்று எழுதிவிடாதீர்கள். கட்டியைக் கரைக்க நீர்த்த அசிட்டிக் அமிலமே போதும். ஹைட்ரோகுளோரிக் அமிலம் கால்சைட்டோடு அபடைட்டையும் தின்றுவிடும்.

ஆழ்துளை

மணலை விட்டுவிட்டுப் பள்ளத்துக்கு வருகிறேன். படுகையின் வகையைச் சொல்வது தாழ்வு வரைபடம், அதாவது காலத்துக்கு எதிராகத் தரை எவ்வளவு இறங்கியது என்ற கோடு.

1978இல் மெக்கென்சி தந்த மாதிரிப்படி, கற்கோளம் (மேலோடும் அதன் கீழுள்ள கெட்டியான மூடகமும்) இழுபடும்போது மேலோடு மெலிந்து உடனடியாக ஓர் இறக்கம் வரும். கீழிருந்து ஏறிய சூடான மூடகம் குளிர்ந்து அடர்த்தியாகும்போது, பெயர்ச்சிப் பிளவுகள் எதுவும் அசையாமலேயே இரண்டாவது இறக்கம் மெதுவாக வரும். 35 கி.மீ. மேலோடும் 125 கி.மீ. கற்கோளமும் இரு மடங்காக இழுபட்டால், நீர் மட்டும் நிரம்பிய நிலையில் முதல் இறக்கம் சுமார் 2.2 கி.மீ. வெப்ப இறக்கம் கடைசியில் சுமார் 2 கி.மீ. அது தணியும் வேகத்தைக் காட்டும் காலமாறிலி ஏறக்குறைய 6.3 கோடி ஆண்டுகள். காவிரியில் ஆண்டிமடம் படிவம் பெருமளவு முதல் கட்டம், அதன் மேல் போர்த்திய கடல் களிப்பாறைகளும் மணற்கற்களும் பெரும்பாலும் இரண்டாம் கட்டம்.

கிணற்றுத் தரவிலிருந்து இதை எடுக்க, மேல் அடுக்குகளை ஒவ்வொன்றாக உரித்து, கீழ் அடுக்குகளின் இறுக்கத்தை விடுவிக்கவேண்டும். ஸ்க்ளேட்டர்–கிறிஸ்டி எண்களைப் பலர் பயன்படுத்துகிறார்கள்: களிப்பாறைக்கு மேற்பரப்புத் துளைமை 0.63, கிலோமீட்டருக்குக் குறையும் கெழு 0.51. மணற்கல்லுக்கு 0.49, 0.27. இப்போது 2 முதல் 2.5 கி.மீ. ஆழத்தில் 500 மீட்டர் தடிப்பில் உள்ள களிப்பாறை, படிந்த காலத்தில் சுமார் 820 மீட்டர். அதே இடத்தில் மணற்கல் என்றால் சுமார் 665 மீட்டர். சட்டப்பாடி படிவம் போன்ற களிமண் மிகுந்த அடுக்கை மணற்கல் எண்ணால் விடுவித்தால், அந்தக் கட்டத்தின் இறக்கத்தைக் குறைத்துக் காட்டுவீர்கள்.

அடுத்தது சுமை. வண்டலின் எடையே தரையை அழுத்தும். மொத்தம் 3000 மீட்டர் வண்டல், சராசரி அடர்த்தி 2.35 (கன செ.மீ.க்குக் கிராம்), நீராழம் 100 மீட்டர் என்று வைத்துக்கொள்வோம். மூடகம் 3.33, கடல்நீர் 1.03. வண்டல் தடிப்பை (3.33 − 2.35) ÷ (3.33 − 1.03) ஆல், அதாவது 0.426 ஆல் பெருக்கி, நீராழத்தைக் கூட்டினால் சுமார் 1380 மீட்டர். தட்டின் பங்கு அவ்வளவுதான், மீதி வண்டல் தானே தோண்டிக்கொண்ட இடம்.

கவனியுங்கள், நீராழம் எந்தக் கழிவும் இல்லாமல் அப்படியே விடையில் சேர்கிறது. காரை களிமண் போன்ற ஆழக்கடல் பக்கம் சாய்ந்த அடுக்கில் ஃபோராமினிஃபெரா (ஓடுள்ள நுண்ணிய கடலுயிர்) புதைபடிவங்களை வைத்து 100 மீட்டரா 300 மீட்டரா என்று தீர்மானிக்க முடியாவிட்டால், உங்கள் கோட்டில் 200 மீட்டர் பொய்யான ஏற்ற இறக்கம் இருக்கும். பலர் "தட்டு நிகழ்வு" என்று அம்புக்குறி போடும் வளைவுகள் இப்படிப்பட்டவை. பிழைப் பட்டையோடுதான் வரையவேண்டும்.

கோட்டின் வடிவம் முக்கியம். பிளவுப் படுகை முதலில் வேகமாக இறங்கி, பின் மெதுவாகும். மலை ஏறி உட்கார்ந்து தட்டை வளைத்த முன்மலைப் படுகை, மலை நெருங்க நெருங்க வேகமெடுக்கும். கங்கைச் சமவெளியும் சிவாலிக்கும் இரண்டாவது வகை. பக்கவாட்டுப் பெயர்ச்சியில் இழுபட்டுத் திறக்கும் படுகைகள், சாக்கடல் மாதிரி, குறுகிய இடத்தில் மிக வேகமாக ஆழமாகும். பக்கவாட்டில் வெப்பம் தப்பிவிடுவதால் அவற்றில் பிந்தைய வெப்ப இறக்கம் குறைவு.

கரைமணல்

காவிரிக் கோடு அவ்வளவு வழவழப்பாக இல்லையே? திருச்சிக் குழுமத்தின் அடியில் படிவு இடைவெளி இருக்கிறது, அதன் மேல் கரடுமுரடான உருள்கற்கள். வெப்பத் தணிவு மட்டும் என்றால் இது ஏன்?

கருங்கல்

நல்ல கேள்வி. 1862இல் பிளான்ஃபோர்டு ஊட்டத்தூர், திருச்சி, அரியலூர் என்று மூன்றாகப் பிரித்தாரே, அதில் முதலிரண்டுக்கும் இடையிலான அந்த எல்லை டுரோனியன் காலத்துக்கு (சுமார் 9.4 முதல் 9 கோடி ஆண்டுகளுக்கு முன்) அருகில் வருகிறது. சுமார் 8.8 கோடி ஆண்டுகளுக்கு முன் மடகாஸ்கர் இந்தியாவின் மேற்கு விளிம்பிலிருந்து பிரிந்தது. மால்பே அருகில் உள்ள செயின்ட் மேரிஸ் தீவுகளின் எரிமலைப் பாறைகள் அந்தக் காலத்தவை. மேற்கே நடந்த பிளவு கிழக்கே உள்ள படுகையைத் தூக்கியிருக்கலாம் என்ற விளக்கம் இருக்கிறது, அது ஏற்கத்தக்கதும்கூட.

ஆனால் காலம் ஒத்துப்போவதால் மட்டும் காரணம் நிரூபணம் ஆகாது. கடல்மட்டம் இறங்கினாலும் படிவு இடைவெளி வரும். வேறுபடுத்த ஒரு வழி: கடல்மட்ட இறக்கம் அடுக்குகளைச் சாய்க்காமல் அரிக்கும், பெயர்ச்சிப் பிளவின் தூக்கல் அடுக்குகளைச் சாய்த்து, ஓரத்தில் ஆழமாகவும் நடுவில் மெல்லியதாகவும் அரிக்கும். இடைவெளிக்குக் கீழே அடுக்குகள் சாய்ந்திருக்கின்றனவா, உருள்கற்களில் ஊட்டத்தூர்ச் சுண்ணாம்புக்கல் துண்டுகள் உண்டா, அடித்தள நைஸ் மட்டும்தானா என்று எண்ணுங்கள். பழைய படிவே துண்டாகி மேலடுக்கில் இருந்தால், படுகையின் ஓரமே எழுந்து அரிபட்டது என்பதற்கு அதைவிட நேரடியான சாட்சி கிடைக்காது. உருள்கல் எண்ணிக்கைக்கு ஒரு சதுர மீட்டர் சட்டம் வைத்து, குறைந்தது 100 கற்கள். வேறு கருவி எதுவும் வேண்டாம். இப்போது எல்லாரும் சிர்கானுக்கு (யுரேனியம்–ஈயம் கொண்டு வயது கணிக்கும் கனிமம்) ஓடுவதால் இந்த வேலையைச் செய்ய ஆளில்லை, அது வருத்தமான விஷயம்.

சிர்கான்

சிர்கான் பெயர் வந்ததால் நானும் சேர்கிறேன். கருங்கல் சொல்வது சரிதான், இந்தப் படுகையில் சிர்கான் வயது மட்டும் பல கேள்விகளைத் தீர்க்காது.

பாலக்காடு–காவிரி நறுக்குமண்டலத்துக்கு (பாறைகள் நசுங்கி நகர்ந்த பட்டை) வடக்கே சேலம், தார்வார் பக்கம் சுமார் 250 கோடி ஆண்டு வயதும் அதற்கு மேலும் பரவலாகக் கிடைக்கும். தெற்கே மதுரைப் பாளத்தில் அவற்றோடு, சுமார் 55 கோடி ஆண்டை ஒட்டிய உருமாற்றத்தின் முத்திரை வலுவாக உண்டு. எனவே வடக்கா தெற்கா என்ற கேள்விக்குச் சிர்கான் உதவும். ஆனால் இலங்கை, மடகாஸ்கர், அண்டார்டிகாவின் லுட்சோ–ஹோல்ம் பகுதி எல்லாமே அந்த 60 முதல் 50 கோடி ஆண்டு கோண்டுவானாத் தையலின் (கண்டத்துண்டுகள் மோதி ஒட்டிய பட்டையின்) துண்டுகள். 55 கோடி ஆண்டுச் சிர்கானைக் கண்டதும் "மதுரையிலிருந்து வந்தது" என்று எழுதினால், எதிர்க்கரையில் அன்று ஒட்டிக்கொண்டிருந்த நிலங்களை மறந்துவிட்டோம் என்று பொருள். இன்றைய மேற்குத்தொடர்ச்சி மலை விளிம்பும் அன்று இந்த வடிவில் இல்லை. இன்றைய காவிரியின் வரைபடத்தைக் கிரீட்டேசியஸ் மேல் ஒட்டாதீர்கள்.

ஆய்வகத்தில் தவறு நுழையும் இடங்களைச் சொல்கிறேன். இரண்டு மூன்று கிலோ மணற்கல்லை உடைத்துச் சலித்து, தண்ணீரில் களி போகக் கழுவி, புரோமோஃபார்ம் அல்லது பாலிடங்ஸ்டேட் கனதிரவத்தில் பிரிப்பார்கள். சிர்கானின் அடர்த்தி சுமார் 4.6 என்பதால் அதில் சிக்கல் இல்லை. காந்தப் பிரிப்பில்தான் சிக்கல். மின்னோட்டத்தை ஏற்றிக்கொண்டே போனால், கதிரியக்கத்தால் சிதைந்த, யுரேனியம் மிகுந்த சிர்கான்கள் காந்தப் பக்கம் போய்விடும். ஒரு வயதுக் கூட்டமே காணாமல் போகலாம். அடுத்து, கையால் பொறுக்கும்போது தெளிந்த, நீண்ட, அழகான மணிகளையே கை தேடும். கிரானுலைட்டிலிருந்து (உயர்வெப்பத்தில் உருமாறிய பாறை) வந்த உருண்டைச் சிர்கான்கள் விடுபட்டுப்போகும். பொறுக்காமல் கொட்டி எப்பாக்ஸி வில்லையில் பதிப்பதே நல்லது.

வயது அளக்க லேசர் வைக்கும்முன் ஒவ்வொரு மணிக்கும் கேத்தடோஒளிர்வுப் படம் (எலெக்ட்ரான் கற்றையில் மணியின் உள்வளையங்களைக் காட்டுவது) கட்டாயம். நம் பாறைகளில் 250 கோடி ஆண்டு உட்கருவைச் சுற்றி 55 கோடி ஆண்டு விளிம்பு வளர்ந்திருப்பது சாதாரணம். 30 மைக்ரான் குழி இரண்டிலும் பாதி பாதி விழுந்தால், எந்தப் பாறையிலும் இல்லாத 130 கோடி ஆண்டு போன்ற ஒரு கலப்பு வயது வரும். 5 சதவீதத்துக்கு மேல் உள்ள எந்தக் கூட்டத்தையும் தவறவிடாமலிருக்க 95 சதவீத நம்பகத்துக்கு 117 மணிகள் வேண்டும் என்பது 2004இல் வெர்மீஷ் காட்டிய கணக்கு. 60 மணிகளோடு நிறுத்திவிட்டு "இந்த மூலம் இல்லை" என்று சொல்லமுடியாது.

ஆழ்துளை

சிர்கானுக்கு ஒரு கேள்வி. கரைக்கு வெளியே ஆழ்கடல் பகுதியில் மேலடுக்கு வண்டல் வங்காள விசிறியோடு (கங்கையும் பிரம்மபுத்திராவும் கொட்டிய ஆழ்கடல் வண்டல் திரட்சி) கோக்கிறதே, அங்கே காவிரி மணலையும் இமயமலை மணலையும் எப்படிப் பிரிப்பீர்கள்? 50 கோடி, 250 கோடி ஆண்டு சிர்கான்கள் இமயத்திலும் உண்டு.

சிர்கான்

அங்கே படிக வயதை விட்டுவிட்டுக் குளிர்ந்த வயதை, அதாவது பாறை மேலெழுந்து ஆறிய காலத்தைக் கேட்கவேண்டும். இமயம் இப்போதும் எழுந்து அரிபடுவதால், அதன் மைக்காக்களின் ஆர்கான் வயது பெரும்பாலும் 2 கோடி ஆண்டு, அதற்கும் கீழே. தென்னிந்தியக் கிரானுலைட்டுகள் கோண்டுவானாத் தையலுக்குப் பிறகு மெல்லக் குளிர்ந்தவை, அவற்றின் பயோடைட் சுமார் 50 கோடி ஆண்டை ஒட்டி நிற்கும். இரண்டுக்கும் இடையே குழப்பத்துக்கு இடமில்லை. களிக் கனிமங்களிலும் இல்லைட்டும் குளோரைட்டும் ஓங்கினால் இமயப் பக்கம், ஸ்மெக்டைட்டும் கயோலினைட்டும் ஓங்கினால் தீபகற்பப் பக்கம் என்று முதல் சல்லடையாக வைத்துக்கொள்ளலாம், தீர்ப்பாக அல்ல.

கருங்கல்

கரைமணலின் இரண்டாவது கேள்விக்கு இதைவிட நல்ல சான்று இல்லை. வங்காள விசிறி சுமார் 3000 கி.மீ. நீளம், வடக்கே தடிப்பு 16 கி.மீ. வரை. அது கிடப்பது கோண்டுவானா பிளவில் பிறந்த கடல்தரையின் மேல், இந்தியப் பக்கத்தில் அமைதியான விளிம்பை ஒட்டி. அதன் மணலை முக்கோணத்தில் இட்டால் "மறுசுழற்சி மலைத்தொடர்" என்று வரும். மணல் தன் தாய்மலையைச் சரியாகவே சொல்கிறது, தான் படுத்திருக்கும் படுகையைச் சொல்லவில்லை. இடத்தைத் தந்தது 13 கோடி ஆண்டுக்கு முந்தைய பிளவு, நிரப்பியது 5 கோடி ஆண்டுகளாக நடக்கும் மோதல். கிழக்கு விளிம்பில் மட்டும் பர்மா பக்கத்துத் தட்டு அமிழ்தல் அதை விழுங்கிக்கொண்டிருக்கிறது.

கரைமணல்

அப்படியானால் அரியலூரில் மாதிரி எடுக்கும் திட்டத்தையே மாற்றவேண்டும். எந்த வரிசையில் போகலாம்?

தின்செக்‌ஷன்

வானிலையால் சிதைந்த மேற்பரப்பை விடுங்கள். சுண்ணாம்புக்கல் சுரங்கங்களின் புதிய வெட்டுமுகம் கிடைத்தால் அங்கே எடுங்கள். அனுமதிக் கடிதம், தலைக்கவசம் இரண்டும் வேண்டும், முகத்தின் அடியில் நிற்கக்கூடாது. ஒவ்வொரு மணற்கல் மட்டத்திலும் கட்டி ஒன்று, கட்டிக்கு அருகிலேயே உதிரி ஒன்று என்று இரட்டையாக எடுத்தால், படிவுக்குப் பிந்தைய இழப்பை அளந்தே சொல்லிவிடலாம்.

கருங்கல்

அதே மட்டத்தில் குறுக்கடுக்குகளின் சாய்வுத்திசையை அளந்துகொள்ளுங்கள். ஒரு மட்டத்துக்கு 20, 25 அளவீடு இருந்தால் ஓட்டத்திசை நிலைக்கும். அடுக்கே 10 பாகைக்கு மேல் சாய்ந்திருந்தால் முதலில் அதைத் திருத்தி எழுதவேண்டும். அலையடித்த கடல்மணலின் திசை ஆற்றின் திசை ஆகாது, ஆற்றுப்படிவாகத் தெரியும் கல்லாமேடு மாதிரி மட்டங்களை மட்டும் மூலத்துக்குப் பயன்படுத்துங்கள். இவை முடிந்த பிறகு, திருச்சிக் குழுமத்துக்குக் கீழே ஒன்று, மேலே இரண்டு என்று மூன்று மாதிரிகளைச் சிர்கானுக்கு அனுப்பினால் போதும்.

சிர்கான்

மூன்றிலும் கார்னெட்டையும் எடுத்து வையுங்கள். வில்லையில் ஓரமாக 50 மணி பதித்தால் மைக்ரோபுரோபில் (நுண்புள்ளியின் வேதியமைப்பை அளக்கும் கருவி) ஒரு நாள் வேலை. மெக்னீசியம் மிகுந்த கார்னெட் உயர்வெப்பக் கிரானுலைட்டைக் காட்டும், வயது ஒன்றாக இருந்தாலும் பாறை வேறு என்பதை அதில் பிடிக்கலாம். கார்னெட்டும் ஆழப் புதைவில் கரையக்கூடியது, அதனால் அதையும் கட்டியிலிருந்தே எடுங்கள்.